காலந்தாங்கி மரத்தடியில் எதுவும் மக்குவதில்லை என்றால் அந்த மரம் எதை உண்டு வாழும்?

கேள்வி: கவுண்டன்யா_கரை (குடியாத்தம்)

அனைவருக்கும் வணக்கம். எயில்நாடு என்னும் கற்பனை நாட்டைக் களமாகக் கொண்டு நாவல் ஒன்றை எழுதி வருகிறேன். அந்நாட்டில் ஒரே ஒரு மாயத்துக்குத்தான் இடம் கொடுத்திருக்கிறேன். மற்ற எல்லாமே நம் உலகத்து இயற்கை விதிகளுக்குக் கட்டுப்பட்டு நடக்க வேண்டும் என்பதில் உறுதியாக இருக்கிறேன். அந்த ஒரு மாயம், கருமலைப் பள்ளத்தாக்கின் நடுவில் தனித்து நிற்கும் காலந்தாங்கி என்னும் மரம். அதன் நிழல் விழும் எல்லைக்குள் உயிர் நீங்கிய எதுவும் மக்குவதில்லை. உதிர்ந்த இலை, விழுந்த கனி, செத்த பறவை, கொண்டுவந்து கிடத்திய அரசனின் உடல் ஆகிய அனைத்தும் கிடந்தபடியே கிடக்கும். அறுபது ஆண்டுகளுக்கு ஒருமுறை மரம் பூக்கும். பூத்த அன்றிரவே, அதுவரை தள்ளி வைக்கப்பட்டிருந்த அழிவெல்லாம் ஒன்றாக வந்து சேரும்.

நாட்டு மக்கள் இந்த மரத்தை நம்பியே வாழ்கிறார்கள். பஞ்ச காலத்துக்கான தானியம், நிலவரி எழுதிய ஓலைச்சுவடிகள், முன்னோர் உடல்கள் எல்லாம் அதன் நிழலில்தான் வைக்கப்பட்டுள்ளன. முதல் அத்தியாயத்தில், களஞ்சியக் கணக்கர் ஒருவர் கிளை நுனியில் மொட்டு ஒன்றைப் பார்த்துவிடுகிறார்.

இந்தக் கற்பனைக்கு விதை எங்கள் பக்கத்து மலைதான். ஜவ்வாது மலையின் இலையுதிர் காட்டில் பங்குனி மாதம் நடந்தால் சருகு கணுக்காலை மூடும். ஒவ்வோர் அடிக்கும் நொறுங்கும் ஓசை கேட்கும். ஐப்பசி, கார்த்திகை மழை கழிந்து அதே இடத்துக்குப் போனால், மேல் அடுக்கைக் கையால் விலக்கியதும் நரம்பு மட்டும் எஞ்சிய இலைகளும், அவற்றைப் பின்னிக் கிடக்கும் வெள்ளை இழைகளும், அதற்குக் கீழே மழை வாசனை மாறாத கறுத்த மண்ணும் தென்படும். இந்த வேலை நின்றுபோனால் காடு என்ன ஆகும் என்று எண்ணத் தொடங்கியதில் பிறந்ததுதான் காலந்தாங்கி.

இப்போது என் ஐயங்கள்: சருகு மக்காவிட்டால் மரத்துக்கு உரம் எங்கிருந்து வரும்? அறுபது ஆண்டு அழிவு ஓர் இரவில் நடந்தால் அது கண்ணுக்கு எப்படித் தெரியும்? அந்த நிழலில் குடியிருக்கும் மனிதருக்கு மூப்பு வருமா? மாயத்தைக் கைவிடச் சொல்லாமல், அதை வைத்துக்கொண்டே மற்றவற்றை நேராக்க வழி சொல்லுங்கள்.

மறுமொழி: ஒடுகத்தூர்_உழவர்

சகோதரி, நல்ல கற்பனை. மலையடிவாரத்தில் நிலம் வைத்திருப்பவன் என்ற முறையில் உங்கள் முதல் கேள்விக்கு மட்டும் விரிவாக எழுதுகிறேன்.

சருகு மக்குகிறது என்று நாம் சொல்லும்போது, உண்மையில் அதைப் பல உயிர்கள் தின்றுகொண்டிருக்கின்றன. கறையானும் மண்புழுவும் மரவட்டையும் அரைத்துப் பொடியாக்க, பூஞ்சைகளும் பாக்டீரியாக்களும் அதைக் கரைத்து உண்கின்றன. பட்டுப்போன கட்டையைக் கூர்ந்து பார்த்தாலே எந்தப் பூஞ்சை வேலை செய்திருக்கிறது என்று சொல்லிவிடலாம். மரத்துக்கு உறுதி தரும் லிக்னினைத் தின்னும் வகை, கட்டையை வெளுத்த நாராக விட்டுச் செல்லும். செல்லுலோஸை மட்டும் தின்னும் வகை, கட்டையைப் பழுப்பு நிறத்தில் கட்டம் கட்டமாக வெடிக்கச் செய்யும். அதை இரண்டு விரலால் நசுக்கினால் தூளாகிவிடும். ஆகவே உங்கள் மரத்தடியில் எதுவும் மக்கவில்லை என்றால், அங்கே தின்பவர்கள் யாரும் இல்லை அல்லது தின்ன முடியாமல் இருக்கிறார்கள் என்று பொருள்.

இனி மரத்தின் பசிக்கு வருவோம். இலையை உதிர்க்கும் முன் மரம் அதிலுள்ள தழைச்சத்தில் ஏறத்தாழ பாதியைத் திரும்ப இழுத்துக்கொள்கிறது. மீதிப் பாதி சருகோடு மண்ணுக்குப் போய், மக்கிய பிறகுதான் வேருக்குத் திரும்பி வரும். காலந்தாங்கி அந்த மீதியை ஒவ்வோர் ஆண்டும் தன் காலடியிலேயே பூட்டி வைக்கிறது. எனவே அது மிக மெதுவாக வளரும் மரமாக, நிழலுக்கு வெளியே வெகுதூரம் வேரோட்டிப் பக்கத்து நிலங்களின் சத்தை உறிஞ்சும் மரமாக இருந்தாக வேண்டும். மரத்தைச் சுற்றியுள்ள வயல்கள் எப்போதும் மெலிந்தே விளைகின்றன என்று எழுதுங்கள். தானியத்தைக் காக்கும் மரமே விளைச்சலையும் குறைக்கிறது என்பது அந்த மக்களுக்குத் தலைமுறைகளாகப் புரியாமல் இருக்கலாம்.

அளவு தெரிந்தால் உங்களுக்கு எழுத வசதியாக இருக்கும். கிளைகள் சுற்றிலும் 20 மீட்டர் பரவியிருந்தால் நிழலின் பரப்பு ஏறத்தாழ 31 சென்ட். எக்டேருக்கு ஆண்டுக்கு 5 டன் சருகு விழுவதாக வைத்துக்கொண்டால், இந்த 31 சென்ட்டில் 600 கிலோவுக்குக் குறையாது. அறுபது ஆண்டில் 36 டன். இடுப்பளவு சருகு மேட்டில் எந்த விதையும் மண்ணைத் தொடாது என்பதால் மரத்தடியில் ஒரு கன்றுகூட இருக்காது. அப்படியானால் பூப்பதன் நோக்கமும் தெளிவாகிறது. அறுபது ஆண்டு சேமித்த உரத்தை ஒரே பருவத்தில் அவிழ்த்து, தன் விதைகளுக்கு ஊட்டுகிறது மரம்.

இதற்கு நெருக்கமான ஒன்று நம் உலகத்திலும் உண்டு. மிசோரத்தில் 48 ஆண்டுகளுக்கு ஒருமுறை மலை முழுவதும் ஒருசேரப் பூத்து மடியும் மூங்கில் வகை இருக்கிறது. 1959-இல் அது பூத்தபோது விதைகளைத் தின்று பெருகிய எலிகள், விதை தீர்ந்ததும் வயல்களுக்கும் களஞ்சியங்களுக்கும் இறங்கின, பஞ்சம் வந்தது. அந்தப் பஞ்சத்தில் துயர் துடைக்கத் தொடங்கிய அமைப்பே பிறகு அரசியல் கட்சியாகி 1966-இல் கிளர்ச்சியில் இறங்கியது. 2006, 2007-இல் அதே மூங்கில் மறுபடியும் பூத்தது. ஆகவே ஒரு மரம் பூப்பது ஆட்சியையே அசைக்கும் என்று எழுதத் தயங்க வேண்டாம்.

மறுமொழி: மலைமேல்_வானம் (ஆலங்காயம்)

முதலில் ஒன்றை முடிவு செய்யுங்கள். மரத்தடியில் நிற்பது காலமா, மக்குதல் மட்டுமா? மரத்தின் பெயர் காலத்தைச் சொல்கிறது. நீங்கள் விவரிப்பதோ மக்குதலை. இரண்டும் முற்றிலும் வேறு விளைவுகளைத் தரும்.

காலம் இடத்துக்கு இடம் வெவ்வேறு வேகத்தில் ஓடுவது கற்பனை அல்ல. வழிகாட்டிச் செயற்கைக்கோள்களில் உள்ள கடிகாரங்கள் தரையில் உள்ளவற்றைவிட நாளொன்றுக்கு 38 மைக்ரோ நொடி முந்துகின்றன; அதைத் திருத்தாவிட்டால் உங்கள் கைப்பேசி தவறான தெருவைக் காட்டும். ஆனால் உங்கள் மரத்தடியில் காலம் பத்து மடங்கு மெதுவாக ஓடினால் நடப்பதைப் பாருங்கள். வெளியே பத்து நாள் பொழியும் வெயில் முழுவதும் உள்ளே ஒரே நாளில் வந்து இறங்கும். அதுமட்டுமன்றி ஒளியின் அலைநீளமும் பத்தில் ஒன்றாகச் சுருங்கும். 500 நானோமீட்டர் பச்சை ஒளி, 50 நானோமீட்டர் கடும் புறஊதாக் கதிராக மாறும். அந்த நிழலில் சருகும் பிணமும் பத்திரமாக இருப்பது ஒருபுறம் இருக்கட்டும், மரமே கருகிவிடும். எனவே காலத்தைத் தொடாதீர்கள். மக்குதல் மட்டும் நிற்கட்டும். மனிதர்கள் வழக்கம்போல் மூப்படையட்டும். உங்கள் மூன்றாவது கேள்விக்கும் இதுவே விடை.

ஓர் இரவில் நடக்கும் அழிவுதான் என்னை மிகவும் ஈர்த்தது. மக்குதலும் எரிதலும் வேதியியலில் ஒரே கணக்குத்தான். வேகம் மட்டுமே வேறு. உலர்ந்த சருகு ஒரு கிலோ முழுவதுமாக மக்கினால், அதை எரித்தால் கிடைக்கும் ஏறத்தாழ 18 மெகாஜூல் வெப்பமே வெளிப்படும். மாதக்கணக்கில் நடப்பதால் நமக்கு அது தெரிவதில்லை. எருக்குழியைக் கிளறும்போது எழும் ஆவியிலும், ஈரத்தோடு போர் போட்ட வைக்கோல் உள்ளே கருகிக் கிடப்பதிலும் அதே வெப்பத்தைத்தான் பார்க்கிறோம். உழவர் ஐயா சொன்ன 36 டன்னும் ஓர் இரவில் மக்கினால் வெளியாகும் வெப்பம் ஏறத்தாழ இரண்டரை லட்சம் லிட்டர் தண்ணீரைக் கொதிக்க வைத்து முழுவதும் ஆவியாக்கப் போதுமானது. சுருங்கச் சொன்னால், அன்றிரவு பள்ளத்தாக்கில் நடப்பது காட்டுத்தீ.

அதைச் சில வாரங்களுக்கு நீட்டினால் தீ இல்லை. வேறோர் ஆபத்து வருகிறது. ஒரு கிலோ செல்லுலோஸ் மக்கினால் 1.6 கிலோ கரியமில வாயு உண்டாகும். 36 டன்னுக்கு ஏறத்தாழ 58 டன். கலையாமல் தேங்கினால் 3 ஏக்கர் பள்ளத்தில் ஆள் உயரத்துக்கு மேல் நிற்கும் அளவு இது. பகலில் காற்று அதைக் கலைத்துவிடும் என்றாலும், காற்று அசையாத குளிர் இரவில் அதில் ஒரு பங்கு தாழ்வான இடத்தில் தேங்கினாலே போதும். நாம் சுவாசிக்கும் காற்றில் அது 10 விழுக்காட்டைத் தாண்டினால் மனிதர் நினைவிழந்து விழுவார்கள். 1986 ஆகஸ்டில் கேமரூன் நாட்டு நியோஸ் ஏரியிலிருந்து இப்படி வெளியேறிய கரியமில வாயு, தாழ்வான ஊர்களுக்குள் இறங்கி, உறங்கிக்கொண்டிருந்த 1,700 பேருக்கு மேல் உயிரைப் பறித்தது. வீடுகளுக்கு எந்தச் சேதமும் இல்லை. உங்கள் நாவலில் முதலில் மடிவது தரையோடு ஒட்டிய எலி, கீரி, ஓணான், பிறகு கன்றுக்குட்டி, பிறகு திண்ணையில் பாய் விரித்துப் படுத்தவர்கள். பரண்மேல் படுத்தவர் காலையில் எழுந்து வருவார்.

கேள்வி கேட்டவர்: கவுண்டன்யா_கரை

இருவருக்கும் மனமார்ந்த நன்றி. மெலிந்த வயல்களை இன்றே இரண்டாம் அத்தியாயத்தில் சேர்த்துவிட்டேன். காலம் நிற்பதில்லை, மக்குதல் மட்டும் நிற்கிறது என்பதையும் ஏற்றுக்கொள்கிறேன்; பெயரை மக்கள் வைத்தார்கள், மக்கள் அப்படித்தான் நம்பினார்கள் என்று விட்டுவிடலாம். ஆனால் அந்த ஓர் இரவை இழக்க எனக்கு மனம் வரவில்லை. கதையின் முதுகெலும்பே அதுதான். தீயும் வேண்டாம், அதே நேரத்தில் ஒரே இரவில் எல்லாம் மாறியது என்ற உண்மையும் வேண்டும். மேலும், தின்பவர்களை அந்த நிழலில் தடுப்பது எது என்பதற்கும் ஏதேனும் ஒரு வழிமுறை இருந்தால் நன்றாக இருக்கும்.

மறுமொழி: ஆவாரம்பட்டை (ஆம்பூர்)

அக்கா, நீங்கள் தேடும் வழிமுறை நம் பகுதியின் தொழிலிலேயே இருக்கிறது. தோல் பதனிடுவது என்றாலே மக்குதலைத் தாவரத்தால் நிறுத்துவதுதான். குரோம் உப்பு வருவதற்கு முன், வாணியம்பாடி, ஆம்பூர், பேரணாம்பட்டு, இராணிப்பேட்டை என்று இந்தப் பக்கம் முழுவதும் ஆவாரம் பட்டையையும் கடுக்காயையும் நம்பியே தோல் பதனிட்டது. என் தாத்தா காலத்திலிருந்து எங்கள் குடும்பத்துக்கு இதுதான் வேலை என்பதால் சற்று விரிவாக எழுதுகிறேன்.

உரித்த தோலை உப்பிட்டால் சில வாரம் தாங்கும். தண்ணீரில் ஊறவைத்து உப்பை எடுத்துவிட்டால் மறுநாளே நாறத் தொடங்கும். ஊறிய தோலைச் சுண்ணாம்புத் தொட்டியில் போட்டு, மயிரைக் களைந்து, சவ்வைச் சீவி, சுண்ணாம்பை நீக்கிய பிறகு பட்டைத் தொட்டிக்குக் கொண்டு போவார்கள். பட்டையிலும் கடுக்காயிலும் உள்ள டானின் என்னும் துவர்ப்புப் பொருள், தோலின் கொலாஜன் இழைகளோடு இறுகப் பிணைந்துகொள்கிறது. அதன் பிறகு பாக்டீரியாவால் அந்த இழையைப் பிரித்து உண்ண முடியாது. துவர்ப்பு ஏறிய இலைகள் காட்டில் மற்ற இலைகளைவிட மெதுவாக மக்குவதற்கும் இதுவே காரணம். உங்கள் காலந்தாங்கி, இலைநுனி வழியாக இத்தகைய துவர்நீரை ஆண்டு முழுவதும் சொட்டிக்கொண்டே இருக்கட்டும். மாயம் என்பது அந்தத் துவர்ப்பின் வீரியத்தில் மட்டும் இருந்தால் போதும்.

இதை வைத்து எழுதினால் இரண்டு செய்திகளை மறக்காதீர்கள். முதலாவது, பதம் மேலிருந்து உள்ளே மெதுவாகத்தான் இறங்கும். தொட்டியிலிருந்து தோலை எடுத்து ஓரத்தில் கத்தியால் ஒரு கீறு கீறிப் பார்ப்பார்கள். வெட்டுவாயில் இரண்டு பக்கமும் பழுப்பேறி, நடுவில் வெளிறிய கோடு ஒன்று தெரிந்தால் பதம் இன்னும் உள்ளே சேரவில்லை என்று திரும்பத் தொட்டியில் போட்டுவிடுவார்கள். கோடு மறைந்தால்தான் தோல் தேறியது என்று பொருள். தோலுக்கே இவ்வளவு பக்குவம் தேவை என்றால், முழு மனித உடலுக்கு என்ன ஆகும்? அரசர்களின் மேல்தோல் பழுப்பாகப் பதப்பட்டுவிடும். வயிற்றுக்குள் இருப்பது பதம் சேரும் முன்பே அழுகிவிடும். குடலை நீக்கி உள்ளேயும் துவர்நீர் ஊற்றும் ஒரு தொழிலாளர் கூட்டம் எயில்நாட்டில் இருந்தாக வேண்டும். அவர்கள் கையில் உள்ள கறை எப்போதும் போகாது. டென்மார்க் நாட்டுச் சதுப்பு நிலம் ஒன்றில் 1950-இல் கண்டெடுக்கப்பட்ட டோலுண்ட் மனிதனின் முகம், 2,400 ஆண்டு கழிந்தும் தாடி மயிர் தெரியும்படி இருக்கிறது. அதுவும் சதுப்புப் பாசியின் வேதிப்பொருள்கள் தோலைப் பதனிட்டதால்தான்.

இரண்டாவது, துவர்ப்பு ஏறிய தானியத்தை வாயில் வைக்க முடியாது. ஆகவே களஞ்சியத்துக்கு மெழுகிட்ட தாழிகள் தேவை. அப்படி மூடி வைத்தால் மரத்தின் காவல் தானியத்துக்குக் கிடைக்குமா என்பதை நீங்கள்தான் முடிவு செய்ய வேண்டும். காவல் கிடைக்கவில்லை, மூடிய தாழியே தானியத்தைக் காத்தது, புகழ் மரத்துக்குப் போனது என்பது என் யோசனை.

உங்கள் ஓர் இரவுக்கும் இதிலேயே இடம் இருக்கிறது. டானினை உடைக்கும் நொதியைச் சுரக்கும் கரும்பூஞ்சைகள் உண்மையிலேயே உண்டு. பட்டைத் தொட்டியின் மேல் படரும் பூசணம், சாற்றின் வீரியத்தைக் குறைத்துவிடும். மரத்தின் மகரந்தத்தோடு அத்தகைய பூஞ்சையின் வித்துகளும் உதிர்வதாக வையுங்கள். பூத்த அன்றிரவு பூட்டு திறக்கும். தின்பது அதற்குப் பிறகு ஒரு மழைக்காலம் முழுவதும் நடக்கும். மாற்றம் ஓர் இரவில் நடந்தது என்பதும் உண்மை, தீப்பிடிக்கவில்லை என்பதும் உண்மை.

மறுமொழி: விதைக்கூடை (திருப்பத்தூர்)

தானியத்தைப் பற்றி ஒரு சேர்ப்பு. விதைநெல் உயிருள்ள பொருள். அது மக்காமல் இருந்தாலும் உள்ளே மூப்படைந்துகொண்டே இருக்கும். அமெரிக்காவின் மிச்சிகனில் 1879-இல் விதைகளைப் புட்டிகளில் அடைத்துப் புதைத்துத் தொடங்கிய ஆய்வு இன்றும் நடக்கிறது. 2021-இல் தோண்டிய புட்டியில் முளைத்தவை மிகச் சிலவே. தாமரை விதை 1,300 ஆண்டும், யூதேயப் பேரீச்சை 2,000 ஆண்டும் கடந்து முளைத்திருக்கின்றன என்றாலும் அவை கெட்டியான ஓடோ நல்ல உலர்வோ வாய்த்த அரிய விதைகள். நெல்லும் கேழ்வரகும் அறுபது ஆண்டு தாங்கா. எனவே காலந்தாங்கி நிழலில் கிடந்த தானியம் பார்வைக்குப் புதிதாக இருக்கும், உலையில் வேகும், விதைத்தால் முளைக்காது. பஞ்சத்தில் உண்ணக் கிடைத்து, விதைக்கக் கிடைக்காத நாடு என்ன செய்யும் என்பது உங்கள் கதைக்கு நல்ல முடிச்சு.

எங்கள் திருப்பத்தூர்ப் பக்கத்துப் புதிய கற்கால ஊரான பையம்பள்ளியின் அகழாய்வில் கிடைத்த கருகிய கொள்ளும் இங்கே நினைவுக்கு வருகிறது. கருகியதால்தான் ஆயிரக்கணக்கான ஆண்டு அது நிலைத்தது, ஏனெனில் கரியைத் தின்ன நுண்ணுயிர்கள் எளிதில் முன்வருவதில்லை. எயில்நாட்டின் பழைய தலைமுறை ஒன்று இதை அறிந்து, எதிர்காலத்துக்கான செய்தியைக் கரியில் விட்டுச் சென்றிருக்கலாம்.

கேள்வி கேட்டவர்: கவுண்டன்யா_கரை

இவ்வளவு அக்கறையோடு எழுதியதற்கு எப்படி நன்றி சொல்வது என்று தெரியவில்லை. முடிவுகளைச் சொல்லிவிடுகிறேன். மரம் ஐப்பசி முதல் மழையில் பூக்கும். மகரந்தம் உதிரும் இரவில் துவர்ப்பு உடையும். கார்த்திகை முடியும்வரை பள்ளத்தாக்கு ஆவி விட்டுக்கொண்டிருக்கும். தாழ்வான தெருவில் குடியிருப்பவர்கள் பதனிடும் தொழிலாளர்கள்தான் என்பதால் கரியமில வாயு முதலில் அவர்களைத்தான் தீண்டும். அரண்மனை மேட்டில் இருப்பவர்களுக்குச் செய்தி பிந்தித்தான் எட்டும். ஓலைச்சுவடிகளோடு நிலவரிக் கணக்கும் அழிவதால் யாருடைய நிலம் எது என்ற வழக்கு மூன்றாம் பாகத்தை நடத்திச் செல்லும். கணக்கர் மொட்டைக் கண்டபோது யாரிடம் முதலில் சொல்கிறார் என்பதை இதை வைத்துத்தான் தீர்மானிக்கப் போகிறேன்.

ஆவாரம்பட்டை தம்பிக்கு ஒரு கேள்வி மட்டும். பூட்டு திறந்துவிட்டது என்பதை அந்தத் தொழிலாளர்கள் மற்றவர்களுக்கு முன்பே எப்படி அறிவார்கள்? கண்ணால் காணும் முன், கையாலோ மூக்காலோ அறிய வழி உண்டா?

மறுமொழி: ஆவாரம்பட்டை (ஆம்பூர்)

உண்டு அக்கா. நல்ல பட்டைச் சாற்றை நாக்கு நுனியில் வைத்தால் வாய் முழுவதும் இழுத்துப் பிடிக்கும். வீரியம் போன சாறு வெறும் புளிப்பாக இருக்கும். வாசனையும் மாறும். பட்டையின் காரமான மணம் போய், புளித்த கஞ்சித் தண்ணீரின் வாடை எழும். தொட்டிக்காரர்கள் இருட்டிலும் இதைக் கண்டுபிடித்துவிடுவார்கள். தோலைத் தொட்டாலும் தெரியும்: பதம் உள்ள தோல் விரலுக்கு அடியில் நிறைவாக இருக்கும், அழுகத் தொடங்கிய தோலின் மேற்புறம் வழுக்கும். முதல் மழை பெய்த அன்று இரவு, வேலை முடிந்து கை கழுவ வரும் ஒரு பெண், இலைநுனியில் சொட்டும் நீரை வழக்கம்போல் நக்கிப் பார்த்து, துவர்ப்பு இல்லை என்று உணர்ந்து, பிள்ளைகளைத் தூக்கிக்கொண்டு மேட்டுக்கு ஏறட்டும். கணக்கர் சொல்லும் வரை அவள் காத்திருக்க மாட்டாள்.